அக்கா கட்டிய அப்பா வேஷம்

சனிக்கிழமை மத்தியானம். சபைக் கூடத்துப் பெஞ்சுகளைச் சுவரோரம் தள்ளிப் போட்டுவிட்டு ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தோம். பக்கத்துத் தோட்டத்தில் ரப்பர் ஷீட் காயப்போட்டிருந்தார்கள். அந்தப் புளிச்ச வாடை ஜன்னல் வழியாக வந்து, நாங்கள் வாங்கி வைத்திருந்த பழம்பொரி மணத்தோடு கலந்து கிடந்தது.

அண்ணன் வாசலில் வந்து நின்றார். என் நாடகப் பிரதி அவர் கையில் சுருண்டிருந்தது.

“ஏட்டி ஜெயா, இங்ஙன வா.”

எனக்கு ஐம்பது தாண்டிவிட்டது. மேல்நிலைப் பள்ளியில் தமிழ் டீச்சர். ஒரு பார்வையில் ஒரு வகுப்பையே உட்கார வைப்பேன். ஆனால் அந்த ‘ஏட்டி’யைக் கேட்டதும் கால் தானாக நடந்தது.

“இது ஆருக்க கதை?”

“நாடகமாக்கும் அண்ணே. கற்பனைக் கதை.”

“பேரை மாத்திப் போட்டா மோறை மாறிருமா? கமலம்னா ரெத்தினம்னு இந்த அருமனை ஊருல ஆருக்குத் தெரியாது? வெளிநாட்டுல இருக்க மவன்னா அது செல்வதாஸ்னு ஆருக்குத் தெரியாது?”

ரெத்தினம் என் அக்கா, அண்ணனுக்குத் தங்கை. செல்வதாஸ் அவரே. கூடத்தில் இருந்த பெண்கள் ஆளுக்கொரு சுவரைப் பார்த்தார்கள்.

“இத நிறுத்து,” என்றார்.

“நிறுத்தமாட்டேன்.”

அதுவரை என் வாழ்க்கையில் அண்ணனிடம் ‘மாட்டேன்’ என்று சொன்னதில்லை. அன்று சொல்லியாகிவிட்டது.

அண்ணன் சத்தம் போடவில்லை. நிதானமாக ஒரு கேள்வி கேட்டார். “ரெத்தினத்துக்க கதைய எடுத்து சபைக்கு முன்ன விரிச்சுப் போடப் போறியே. அவகிட்ட ஒரு வார்த்தை கேட்டியா?”

கேட்கவில்லை.

பூதப்பாண்டிக்காரர்கள் கதை

இந்தத் தொடரை வாசிக்கிற ஒரு அம்மா போன வாரம் எழுதியிருந்தார்கள்: “குடும்பக் கதை எழுதினால் குடும்பம் சும்மா விடுமா?” விடாது. அதைச் சொல்லத்தான் இந்த அத்தியாயம்.

நான் எழுத ஆரம்பித்தது ஏரோது ராஜாவை வைத்து. கிறிஸ்துமஸ் நாடகம். வருஷா வருஷம் அதே ராஜா, அதே மூன்று சாஸ்திரிகள், அதே ஜரிகைத் தாள் நட்சத்திரம். பத்துப் பன்னிரண்டு வருஷம் எழுதின பிறகு எனக்கே அலுத்துப்போயிற்று. சபையில் எல்லாவற்றையும் பெண்களே நடத்துகிற பெண்கள் ஞாயிறுக்கு என்று ஒரு மாமியார் மருமகள் நாடகம் எழுதிப் போட்டேன். ஆண்கள் கூட ஜன்னலில் தொங்கிக்கொண்டு பார்த்தார்கள். அன்றோடு ஏரோதை விட்டேன்.

ஒரு தந்திரம் வைத்திருந்தேன். என் நாடகக் குடும்பங்கள் எல்லாம் பூதப்பாண்டியில் இருக்கும். எங்கள் சபையில் பூதப்பாண்டிக்காரர் ஒருவரும் கிடையாது. வேலிச் சண்டை என்றாலும் பூதப்பாண்டி, தாலி கட்டின மறுநாளே தனிக்குடித்தனம் என்றாலும் பூதப்பாண்டி. “அந்த ஊருக்காரங்க இப்பிடியாக்கும்!” என்று நிம்மதியாகச் சிரித்துவிட்டுப் போவார்கள். அந்த ஊர்க்காரர்கள் என்னை மன்னிக்க வேண்டும்.

இத்தனை வருஷத்தில் நான் கற்றுக்கொண்டது ஒன்று உண்டு. குடும்பக் கதையில் வில்லன் வைத்தால் கதை செத்துவிடும். தப்புச் செய்கிறவருக்கு அவர் செய்வது நியாயமாகத் தெரிய வேண்டும். அதுவும் சாப்பாட்டு மேசையில், குழம்பு ஊற்றிக்கொண்டே, சாதாரணக் குரலில் சொல்லத் தெரிய வேண்டும்.

எங்கள் வீட்டில் அப்படித்தான் நடந்தது.

“சும்மாதானே இருக்கா”

அம்மா நான் பள்ளியில் படிக்கும்போதே போய்விட்டாள். அக்காவுக்கு இருபத்தொன்பது வயதானபோது அப்பாவுக்கு வாதம் வந்து ஒரு பக்கம் விழுந்தது. அண்ணன் மஸ்கட்டில். நான் நாகர்கோவிலில் விடுதியில் தங்கி பி.எட். படித்துக்கொண்டிருந்தேன். வீட்டில் இருந்தது அக்கா மட்டும்.

அந்தச் சமயத்தில் அஞ்சுகிராமத்துக்காரர் ஒருவர் அக்காவைப் பெண் கேட்டு வந்தார். பள்ளிக்கூட வாத்தியார். அக்காவுக்குப் பிடித்திருந்தது. அவர் வந்து போன அன்று, அடுப்பில் இருந்த மரச்சீனிக் கிழங்கை அடிபிடிக்க விட்டுவிட்டு நின்றாள். அக்கா எதையும் அடிபிடிக்க விடுகிறவள் இல்லை.

அண்ணன் மஸ்கட்டில் இருந்து கடிதம் எழுதினார்: அப்பா கொஞ்சம் தேறட்டும், அதற்குள் என்ன அவசரம்? அப்பா தேறவில்லை. அந்த வாத்தியார் ஒரு வருஷம் காத்திருந்துவிட்டு வேறு இடத்தில் கட்டிக்கொண்டார். அப்பா இருபத்தெட்டு வருஷம் படுக்கையிலும் சக்கர நாற்காலியிலுமாக இருந்துவிட்டுப் போய்ச் சேர்ந்தார்.

அண்ணன் கெட்டவர் இல்லை. இருபத்திமூன்று வயதில் கப்பல் ஏறினார். ஒரு அறையில் எட்டுப் பேராகப் படுத்து எழுந்தவர். அப்பாவின் சக்கர நாற்காலி, மருந்து, என் படிப்பு எல்லாம் அவர் முதுகில்தான் வந்தது. தம் பங்கைச் செய்துவிட்டதாக அவர் நினைப்பதில் தப்பில்லை. மற்றவர்களின் பங்கையும் அவரே முடிவு செய்வதில்தான் என் சண்டை.

அப்பா போனபிறகு அக்கா ஒரு காரியம் செய்தாள். ஏழு மணி வரை தூங்கினாள். நான் ஒரு நாள் காலையில் போய்க் கதவைத் தட்டி, அவள் கண்ணைக் கசக்கிக்கொண்டு வந்து திறந்தபோது, பயந்துபோய் நெற்றியைத் தொட்டுப் பார்த்தேன். “காய்ச்சல் ஒண்ணும் இல்லட்டி. ஒறங்கினேன்,” என்றாள். அவள் முகத்தில் ஒரு வெட்கம் இருந்தது.

இரண்டு வருஷம் அப்படிப் போயிற்று. பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை, வெளிநாட்டு வேலையை முடித்து ஊர் திரும்பியிருந்த அண்ணன் வீட்டு மேசையில், சாளைக் குழம்பை ஊற்றிக்கொண்டே அண்ணன் சொன்னார்: “பெங்களூருல எம் மவளுக்கு இது பேறு மாசம். லீவு முடிஞ்சா வேலைக்குப் போணும். குழந்தையப் பாக்க ஆளு வேணும். ரெத்தினம் சும்மாதானே இருக்கா.”

அக்கா மீன் முள்ளை எடுத்துத் தட்டின் ஓரத்தில் வைத்தாள். சரி என்றும் சொல்லவில்லை, முடியாது என்றும் சொல்லவில்லை. அந்த வீட்டில் அவள் பேசாமல் இருந்தால் சரி என்று அர்த்தம்.

நான் அன்று சாயங்காலமே எழுத உட்கார்ந்தேன். இந்தத் தடவை பூதப்பாண்டி இல்லை. நாடகத்தில் ஊர்ப் பெயரே போடவில்லை.

பத்து வயசா?

ஒத்திகையை அப்படியே போட்டுவிட்டு, பிரதியை எடுத்துக்கொண்டு அக்கா வீட்டுக்குப் போனேன். கோபம் ஒரு பக்கம், அண்ணன் கேட்டது சரிதானே என்ற எரிச்சல் ஒரு பக்கம்.

அக்கா பின்வாசல் படியில் உட்கார்ந்து மரச்சீனிக் கிழங்கு தோல் உரித்துக்கொண்டிருந்தாள்.

“அக்கா, நான் ஒரு தப்பு பண்ணிட்டேன். உன்னையக் கேக்காம உன்னைப் பத்தி எழுதிட்டேன்.”

“கையைக் கழுவிட்டு இந்தக் கிழங்கை உரி,” என்றாள். உள்ளே போய்க் கண்ணாடி எடுத்துவந்தாள்.

ஒரு மணி நேரம் படித்தாள். உதடு அசைய, வேதம் வாசிப்பதுபோல ஒவ்வொரு வரியாக. நான் நாலு கிழங்கை உரித்து முடித்து, வெட்டி, தண்ணீரில் போட்டுவிட்டேன். அவள் தலையைத் தூக்கவில்லை. கோழி வந்து தோலைக் கிளறியது. அதை விரட்டக்கூட எனக்குத் தைரியம் இல்லை.

கடைசிப் பக்கத்தை மூடினாள்.

“இந்தக் கமலம் என்னத்துக்கு இப்பிடி அழுதுகிட்டே கெடக்கா?”

“அவளுக்கு வருத்தம் அக்கா.”

“எனக்கு வருத்தம் இல்லட்டி. கோவம். நான் அழுது நீ பாத்திருக்கியா? இத மாத்து.”

“சரி.”

“இன்னொண்ணு.” பக்கத்தைத் திருப்பி விரலை வைத்தாள். “இந்த இளையவ. இவளுக்குப் பத்து வயசுன்னு போட்டிருக்கே. மாப்பிள்ளை பாக்க வந்த அன்னைக்கு இவ பாவாடை சட்டை போட்டு கட்டம் கீறி பாண்டி ஆடிட்டு நிக்கா.”

நான் கிழங்குத் தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

“அன்னைக்கு உனக்கு என்ன வயசு ஜெயா?”

“இருபத்திரெண்டு.”

“நான் உங்கிட்ட ஒண்ணு கேட்டேன். ஞாபகம் இருக்கா?”

இருந்தது. முப்பது வருஷமாக இருந்தது. ஒரு வெள்ளிக்கிழமை விடுதியில் இருந்து வந்திருந்தேன். அக்கா என்னைக் கிணற்றடிக்குக் கூப்பிட்டு, மெதுவான குரலில் கேட்டாள்: ‘ஒரே ஒரு வருஷம் அப்பாவைப் பாத்துக்கிடுவியாட்டி? படிப்பை அடுத்த வருஷம் முடிச்சுக்கிடலாம். அதுக்குள்ள கல்யாணம் முடிஞ்சு நாங்க பக்கத்துல வீடு பாத்துட்டு வந்திருவோம்.’

‘எனக்குத் திங்கக்கிழமை பரீட்சை இருக்கு’ என்று சொல்லிவிட்டு, பையை எடுத்துக்கொண்டு பஸ்ஸுக்குப் போய்விட்டேன்.

பரீட்சை இருந்தது. அடுத்த மாதம்.

அண்ணனை எழுதினேன், அப்பாவை எழுதினேன், பெண் கேட்டு வந்தவரை எழுதினேன். என்னை மட்டும் பத்து வயதுப் பிள்ளையாக்கி முற்றத்தில் விளையாட விட்டுவிட்டேன். இதில் கொடுமை என்ன தெரியுமா? எழுதும்போது எனக்கு அது பொய் என்றே தோன்றவில்லை. மேடைக்குச் சின்னப் பிள்ளை ஒன்று இருந்தால் நன்றாக இருக்கும் என்றுதான் நினைத்தேன்.

“நாடகத்தை நிறுத்திரட்டுமா அக்கா?”

“ஆரு நிறுத்தச் சொன்னா? ஒழுங்கா எழுதச் சொன்னேன்.” எழுந்து கிழங்குப் பாத்திரத்தை வாங்கிக்கொண்டாள். “வயசை மாத்து. அந்த வேஷத்தை நீயே கெட்டு.”

காலியான வேஷம்

அண்ணனிடம் பிரதி எப்படிப் போயிற்று என்று சொல்லவில்லையே. எங்கள் மைனிதான், அதாவது அண்ணன் மனைவிதான், நாடகத்தில் அப்பா. பெண்கள் ஞாயிறு நாடகத்தில் ஆண் வேஷமும் பெண்கள்தான் கட்டுவோம். மைனிக்குக் கனத்த குரல், மேடைப் பயம் கிடையாது. நான் காட்சி காட்சியாகத்தான் எழுதிக் கொடுப்பேன். முதல் காட்சியைப் படித்துவிட்டு மைனி ஆசையாக ஒத்துக்கொண்டாள். முழுப் பிரதி கைக்கு வந்ததும் வீட்டில் மனப்பாடம் பண்ணியிருக்கிறாள். அண்ணன் காதில் விழுந்திருக்கிறது.

மைனி போனில் அழுதாள். “நான் இந்த வீட்டுல இருக்கணும் ஜெயா. என்னைய விட்டுரு.”

விட்டேன். நாடகத்துக்கு எட்டு நாள் இருந்தது. வேறு யாரும் அப்பா வேஷத்துக்கு முன்வரவில்லை. அண்ணன் சபைக் கமிட்டியில் இருக்கிறார்.

போதகர் என்னை அழைத்தார். நாடகத்தைப் படித்திருந்தார். நல்ல மனுஷர். “நல்லா இருக்கு டீச்சர். ஆனா கடைசியில எல்லாரும் சமாதானமாகிற மாதிரி முடிக்கக் கூடாதா?” என்றார்.

“சமாதானம் ஆனதும் எழுதித் தாறேன் ஐயா,” என்றேன்.

அவர் சிரித்துவிட்டார். சரி என்றார்.

உண்மையைச் சொன்னால், முடிவு எனக்கே தெரியாது. கடைசிக் காட்சியில் வெளிநாட்டு மகன் வந்து, ‘கிளம்பு கமலம், குழந்தையப் பாக்க ஆளு வேணும்’ என்பான். கமலம் அவனை நிமிர்ந்து பார்ப்பாள். அதோடு திரை. அவள் என்ன சொல்வாள் என்று பதினைந்து தடவை எழுதிப் பார்த்தேன். எல்லாமே நான் பேசுகிற மாதிரி இருந்தது. கடைசியில் திரையை இழுத்துவிட்டேன்.

அப்பா வேஷத்துக்கு ஆள் இல்லை என்று அக்காவிடம் புலம்பியபோது அவள் துணி மடித்துக்கொண்டிருந்தாள்.

“நான் கெட்டுதேன்,” என்றாள்.

“அக்கா, வெளையாடாத.”

“அப்பா எப்பிடி உருளுவாருன்னு உனக்குத் தெரியுமா? எப்பிடி இருமுவாருன்னு தெரியுமா? அண்ணனுக்குத் தெரியுமா?” மடித்த துணியைத் தட்டி அடுக்கினாள். “எனக்குத்தான தெரியும். பின்ன ஆரு கெட்டுவா?”

ஞாயிறு நாலு மணி

கூடம் நிறைந்திருந்தது. விஷயம் ஊருக்குள் பரவிவிட்டதால் மற்ற சபைக்காரர்களும் வந்திருந்தார்கள். அண்ணன் இரண்டாவது வரிசையில், கையைக் கட்டிக்கொண்டு. பக்கத்தில் மைனி, மடியைப் பார்த்தபடி.

அக்கா வேட்டி கட்டி, சட்டை போட்டு, நரைக்கு மாவு பூசி, மை தீட்டிய மீசையோடு நாற்காலியில் உட்கார்ந்தாள். திரை விலகியது. வாயை ஒரு பக்கம் கோணினாள். இடது கையை மடக்கி நெஞ்சோடு ஒட்டிக்கொண்டாள். முன்வரிசையில் அப்பாவைத் தெரிந்த ஒரு பெரியவர், “ஏசுவே!” என்றார்.

இரண்டாம் காட்சியில் நான். ஒற்றைப் பின்னல், தோளில் துணிப்பை, இருபத்திரெண்டு வயது. நான் உள்ளே வந்ததும் என் மாணவிகள் பின்னால் கைகொட்டிச் சிரித்தார்கள். கமலமாக நடித்தது ஷைனி, பாடகர் குழுவில் பாடுகிற பெண். அவள் என் கையைப் பிடித்துக் கேட்டாள்: “ஒரே ஒரு வருஷம் அப்பாவைப் பாத்துக்கிடுவியாட்டி?”

“எனக்குத் திங்கக்கிழமை பரீட்சை இருக்கு.”

சொல்லிவிட்டுத் திரும்பி நடந்தேன். மேடையில் இருந்து இறங்க ஆறு எட்டு வைக்க வேண்டும். சிரிப்பு நின்றுபோயிருந்தது. என் செருப்புச் சத்தம் எனக்கே கேட்டது. இவ்வளவு காலம் மேடைக்கு எழுதியிருக்கிறேன், ஒரு வாக்கியத்தைச் சொல்ல அவ்வளவு கஷ்டப்பட்டதில்லை. சொன்னபிறகு அவ்வளவு லேசாகவும் இருந்ததில்லை.

மூன்றாம் காட்சிதான் முக்கியமானது. அப்பாவுக்கு நான் ஒரு பக்க வசனம் எழுதியிருந்தேன். ‘நான் சாகும் வரை நீ இந்தப் படி தாண்டக் கூடாது’ என்று கர்ஜிக்கிற வசனம். அப்பா அப்படித்தான் சொல்லியிருப்பார் என்று முப்பது வருஷமாக நம்பியிருந்தேன்.

ஷைனி கஞ்சிச் சட்டியோடு வந்தாள். அக்கா அவளைப் பார்த்தாள். கர்ஜிக்கவில்லை. குழறிய, மெலிந்த குரலில் சொன்னாள்:

“போணும்னா போ மக்களே. நான் ஒண்ணும் சொல்லல்ல. கஞ்சிய மட்டும் எனக்குக் கை எட்டுத மாதிரி வச்சுட்டுப் போ.”

அது என் பிரதியில் இல்லை.

திரைக்குப் பக்கத்தில் நின்ற நான் பிரதியை மூடினேன். அப்பா தடுக்கவே இல்லை. போ என்றுதான் சொல்லியிருக்கிறார். அப்படிச் சொன்ன பிறகு எந்தப் பெண்ணால் போக முடியும்?

ஷைனிக்கு அடுத்த வசனம் மறந்துவிட்டது. சட்டியை வைத்துக்கொண்டு நின்றாள். பிறகு அவளாகவே, அப்பாவின் நல்ல கைப்பக்கம் சட்டியை வைத்தாள். இரண்டு எட்டு வைத்தாள். திரும்பி வந்து சட்டியை இன்னும் கொஞ்சம் பக்கத்தில் நகர்த்தினாள். மறுபடியும் போனாள். மறுபடியும் வந்தாள். கடைசியில் அங்கேயே உட்கார்ந்து கரண்டியை எடுத்தாள்.

கூடத்தில் பெண்கள் மூக்கைச் சிந்துகிற சத்தம் மட்டும் கேட்டது. அண்ணன் எழுந்துபோவார் என்று நினைத்தேன். போகவில்லை. கட்டியிருந்த கைகள் அவிழ்ந்து முழங்காலில் கிடந்தன.

முற்றத்தில்

நாடகம் முடிந்து கூட்டம் கலைகிற நேரம். சபைக் கோயில் முற்றத்துக் குழாயடியில் அக்கா முகம் கழுவிக்கொண்டிருந்தாள். மாவு போய்விட்டது. மீசை போகவில்லை.

அண்ணன் வந்தார். நாடகத்தைப் பற்றி ஒரு சொல் இல்லை.

“ரெத்தினம், குழந்தை பொறந்து மாசம் ஒண்ணாச்சு. பெங்களூருக்குச் செவ்வாக்கிழமை வண்டி. மைனி உன்னையக் கொண்டு விட்டுட்டு வருவா. சாமானெல்லாம் கெட்டியாச்சா?”

நான் முன்னால் பாய்ந்தேன். “அண்ணே, இவ்வளவு பாத்த பெறகும் நீங்க…”

அக்கா ஈரக்கையால் என் தோளைத் தள்ளினாள். “நீ பேசாத ஜெயா. நீ எழுதினது போரும். இது நான் பேசணும்.”

தள்ளி நின்றேன்.

“நான் வரல்ல அண்ணே,” என்றாள் அக்கா.

அண்ணனுக்குப் புரியவில்லை. “எப்பம் வருவே பின்ன?”

“குழந்தையைப் பாக்க வருவேன். பாத்துட்டு, ரெண்டு நாள் இருந்துட்டு, திரும்பி வந்திருவேன். வளக்க வரல்ல.”

“அப்பம் குழந்தையை ஆரு பாப்பா?”

“அதுக்குத் தாய் இருக்கா, தகப்பன் இருக்கான். மைனி இருக்கா. நீ இருக்கே.”

“நானா?” அண்ணன் சிரிக்கப் பார்த்தார். சிரிப்பு வரவில்லை. “எனக்குக் குழந்தையத் தூக்கத் தெரியுமாட்டி?”

“எனக்கும் அப்பாவைத் தூக்கத் தெரியாது அண்ணே. பழகினேன்.”

சத்தமாகச் சொல்லவில்லை. ஆனால் முற்றத்தில் நின்றவர்கள் எல்லாருக்கும் கேட்டது. மைனி தலையை நிமிர்த்தி அக்காவைப் பார்த்தாள். அண்ணன் காரை நோக்கி நடந்தார்.

செவ்வாய்க்கிழமை அந்த வண்டியில் மைனியும் அண்ணனும் ஏறினார்கள்.

அண்ணன் இன்றுவரை என்னிடம் பேசுவதில்லை. குடும்பத்தைச் சந்தியில் நிறுத்தினவள் என்று சொந்தக்காரர் வீடுகளில் எனக்குப் பெயர். சில கல்யாணங்களுக்கு அழைப்பு வருவதில்லை. வராவிட்டால் போகட்டும். எங்கள் வீட்டில் முப்பது வருஷம் ஒருத்தி வாயைத் திறக்காததைக் குடும்ப மானம் என்று சொல்லிக்கொண்டிருந்தோம். அந்த மானத்துக்காக நான் இனி ஒரு வரியையும் அடித்து நீக்கப் போவதில்லை.

அக்காவோடு அண்ணன் பேசுகிறார். பெங்களூர் போன இரண்டாவது வாரம் மைனி அக்கா போனுக்கு ஒரு படம் அனுப்பினாள். நான் போயிருந்தபோது அக்கா காட்டினாள். சோபா நுனியில் அண்ணன். ஒன்றரை மாதக் குழந்தை அவர் கையில். கண்ணாடிச் சாமானைத் தூக்கி வைத்திருப்பவர் மாதிரி மூச்சைப் பிடித்துக்கொண்டிருக்கிறார்.

அக்கா படத்தைப் பெரிதாக்கி, வெகுநேரம் பார்த்தாள்.

“பிடி சரியில்ல. கழுத்துக்குக் கை குடுக்கல்ல பாரு,” என்றாள். பிறகு போனைக் கவிழ்த்து வைத்தாள். “ஒரு மாசத்துல பழகிருவாரு.”